ரத்து கேட்காதீர்கள், கணக்குக் கேளுங்கள்: நலச்சங்கத்தாருக்கு ஒரு திறந்த மடல்

தமிழ்நாட்டு நகரங்களிலும் புறநகர்களிலும் இயங்கும் குடியிருப்போர் நலச்சங்கங்களின் தலைவர்கள், செயலாளர்கள், உறுப்பினர்கள் அனைவருக்கும்,



நகராட்சி ஒன்றில் பில் கலெக்டராகச் சேர்ந்து வருவாய் ஆய்வாளராக ஓய்வுபெற்றவன் நான். வேலையில் இருந்தவரை உங்களைப் போன்றவர்களின் வாசலில் நின்று வரி கேட்டேன். இப்போது புறநகரில் ஒரு வீடு, அந்தத் தெருவுக்கு ஒரு நலச்சங்கம், அதில் நானும் சந்தா கட்டும் உறுப்பினன். கேட்பவன் நியாயமும் கட்டுபவன் நியாயமும் ஓரளவு தெரியும்.

சொத்து வரி உயரப்போகிறது என்ற செய்தி வந்தாலே நம் சங்கங்களில் ஒரு மனு தயாராகிவிடும். சாலை குண்டும் குழியுமாக இருக்கிறது, மழைநீர்க் கால்வாய் தூர்வாரப்படவில்லை, தெருவிளக்கு பாதி நாள் எரிவதில்லை. ஆகவே வரி உயர்வை முழுவதுமாக ரத்து செய்ய வேண்டும் என்று அது முடியும். கடைசியாக என் முன் நீட்டப்பட்ட அப்படிப்பட்ட மனுவில் நான் கையெழுத்துப் போடவில்லை. 'பழைய பாசம் போகவில்லை' என்று சிலர் சிரித்தார்கள். பாசம் இல்லை. அந்த மனுவின் முதல் பாதி அத்தனையும் உண்மை. ஆனால் 'ஆகவே' என்ற சொல்லுக்குப் பின்னால் வருவது நமக்கே எதிரானது. அதை விளக்கத்தான் இந்த மடல்.

முதலில், உள்ளாட்சியின் கல்லாவைத் திறந்து பார்ப்போம். மாநகராட்சியானாலும் சின்ன நகராட்சியானாலும், தன் பெயரில் ரசீது போட்டு வாங்கும் வரிகள் மிகச் சில: சொத்து வரி, காலிமனை வரி, தொழில் வரி. 2017இல் ஜி.எஸ்.டி. வந்தபோது விளம்பர வரியும் கேளிக்கை வரியும் அதற்குள் போயின. கேளிக்கை வரியை மட்டும் மாநில அரசு தனிச் சட்டம் போட்டு உள்ளாட்சிக்கு மீட்டுத் தந்தது. மற்றபடி குடிநீர், குப்பை, கட்டட அனுமதி என்று கட்டணங்கள் உண்டு. இவற்றுக்கு வெளியே வருவதெல்லாம் கைநீட்டி வாங்கும் பணம். மாநில நிதி ஆணையத்தின் பரிந்துரைப்படி மாநிலத்தின் சொந்த வரி வருவாயில் சுமார் பத்தில் ஒரு பங்கு உள்ளாட்சிகளுக்கு வருகிறது. ஒன்றிய நிதி ஆணையத்தின் மானியம் நிபந்தனைகளோடு வருகிறது. இந்தப் பட்டியலில் நகரம் தானே நம்பித் திட்டம் போடக்கூடிய, ஆண்டுதோறும் தவறாமல் வரக்கூடிய பெரிய தொகை சொத்து வரி ஒன்றுதான். ஆலை வேறு மாநிலத்துக்குப் போகலாம், கடைக்காரர் வேறு ஊரில் பில் போடலாம்; வீடும் நிலமும் எங்கும் நகராது.

அரசியல் சட்டத்தைப் பார்த்தால் இந்த வரி மாநிலத்தினுடையது. நிலம், கட்டடம் ஆகியவற்றின் மீதான வரி மாநிலப் பட்டியலில் 49ஆவது இனம். 1993இல் நடைமுறைக்கு வந்த 74ஆவது திருத்தம், மாநிலம் விரும்பினால் நகராட்சிகளுக்கு அந்த அதிகாரத்தைக் கொடுக்கலாம் என்று மட்டும் சொல்கிறது. சொத்து வரிக்கு உள்ளாட்சியின் முகமும் கோட்டையின் கையும் வாய்த்தது இதனால்தான். எவ்வளவு உயர்த்துவது, எப்போது உயர்த்துவது என்ற பெரிய முடிவுகள் தலைமைச் செயலகத்தில் எடுக்கப்படுகின்றன. தீர்மானம் போடுவது மன்றம். திட்டு வாங்குவது கவுன்சிலர். நோட்டீஸ் கொடுத்து நாய்க்கடிக்குத் தப்புவது பில் கலெக்டர்.

சொத்திலிருந்து மாநிலமும் வாங்குகிறது. பழைய வீடு ஒன்றை 60 லட்சம் ரூபாய்க்கு வாங்குகிறீர்கள் என்று வைத்துக்கொள்ளுங்கள். முத்திரைத் தீர்வை 5 சதவீதம், சொத்து மாற்றத் தீர்வை 2 சதவீதம், பதிவுக் கட்டணம் 2 சதவீதம். மொத்தம் 5,40,000 ரூபாய். இதில் அந்த 2 சதவீத மாற்றத் தீர்வை, அதாவது 1,20,000 ரூபாய், உள்ளாட்சிகளுக்கு உரியது. மீதி மாநிலக் கருவூலத்துக்கு. இந்தத் தொகையைக் குறைக்கச் சொல்லி எந்தச் சங்கமாவது சார்பதிவாளர் அலுவலகத்தின் முன் கறுப்புக்கொடி பிடித்ததை நான் பார்த்ததில்லை. வீட்டுக் கடனோடு கடனாக அதுவும் போய்விடுகிறது. அதே வீட்டுக்கு ஆறு மாதத்துக்கு ஒருமுறை இரண்டாயிரம், மூவாயிரம் என்று வரும் பில்தான் நமக்குக் கசக்கிறது. வாங்கும்போது ஒருமுறை மட்டும் வாங்கும் வரி, வீட்டு விற்பனை மந்தமானால் அதனோடு படுத்துக்கொள்ளும். தெருவிளக்கின் மின்கட்டணமும் துப்புரவுப் பணியாளரின் சம்பளமும் சந்தை எப்படி இருந்தாலும் மாதாமாதம் கொடுத்தாக வேண்டியவை. ஊரை நடத்துவதற்கு ஏற்றது ஆண்டு வரிதான்.

இனி நம் பில்லையே எடுத்துக்கொள்வோம். சென்னையில் வாடகை மதிப்பை வைத்து வரி போடுவது நெடுநாள் வழக்கம். தெருவுக்கு ஒரு அடிப்படை வீதம். அதைச் சதுர அடியால் பெருக்கினால் மாத வாடகை மதிப்பு. சொந்தக் குடியிருப்பென்றால் கால் பங்கு தள்ளுபடி, கட்டடத்தின் வயதுக்கு ஒரு தள்ளுபடி. மிஞ்சுவதன் மேல் பொது வரி, கல்வி வரி, நூலக வரி. 1998 சீராய்வில் சென்னையில் குடியிருப்புகளுக்கு வைத்த அடிப்படை வீதம் சதுர அடிக்கு மாதம் 60 காசிலிருந்து 2 ரூபாய் 40 காசு வரை. இருபது ஆண்டுகளுக்கு மேல் அதே வீதம்தான் ஏட்டில் இருந்தது. ஆயிரம் சதுர அடி வீட்டை 2,400 ரூபாய் மாத வாடகைக்கு விட உங்களில் யாராவது சம்மதிப்பீர்களா? நகரம் நம்மிடம் வரி கேட்டது அந்த வாடகையை வைத்துத்தான்.

நான் வேலை பார்த்த காலத்தில் அடிக்கடி கேட்ட கேள்வி, 'இவ்வளவு கட்டுகிறோமே, என்ன செய்கிறீர்கள்?' என்பது. இவ்வளவு என்றால் எவ்வளவு என்று ஒருமுறை கணக்குப் போட்டுப் பாருங்கள். அரையாண்டுக்கு 1,500 ரூபாய் கட்டிவந்த ஆயிரம் சதுர அடி வீடு ஒன்று, 2022 சீராய்வில் 75 சதவீதம் உயர்ந்து 2,625 ரூபாய் ஆனது என்று வைத்துக்கொள்வோம். மாதத்துக்கு 437 ரூபாய் சொச்சம். அதே வீடு அடுக்ககத்தில் இருந்தால், சதுர அடிக்கு மூன்று ரூபாய் வீதம் பராமரிப்புக் கட்டணம் மாதம் 3,000 ரூபாய் சத்தமில்லாமல் போகும். அந்த மூவாயிரத்தில் காவலாளி, லிப்ட், மோட்டார், பொது விளக்கு. இந்த 437 ரூபாயில் கேட்டுக்கு வெளியே இருக்கும் சாலை, கால்வாய், குப்பை, கொசு மருந்து, பூங்கா, மாநகராட்சிப் பள்ளி, ஆரம்ப சுகாதார நிலையம், சுடுகாடு.

பராமரிப்புக் கட்டணத்தை ஏன் முணுமுணுக்காமல் கட்டுகிறோம்? ஆண்டுப் பொதுக்குழுவில் வரவு செலவு படிக்கிறார்கள். டீசல் பில் ஏன் ஏறியது என்று எழுந்து கேட்கலாம். யார் பாக்கி என்று அறிவிப்புப் பலகையில் ஒட்டியிருக்கும். கட்டணத்தை உயர்த்த வேண்டுமென்றால் வாக்கெடுப்பு நடக்கும், சண்டை நடக்கும், கடைசியில் ஒப்புக்கொள்வோம். நீங்களே உங்கள் வாசலுக்குள் ஒரு வரி முறையை ஒழுங்காக நடத்திக்கொண்டிருக்கிறீர்கள். வார்டிடம் கேட்க வேண்டியதும் அதே ஒழுங்கைத்தான். கணக்கைக் கேட்க வேண்டிய இடத்தில் நாம் ரத்தைக் கேட்கிறோம்.

ரத்து கேட்டால் என்ன ஆகும் என்பதற்கு நம் மாநிலத்திலேயே சான்று இருக்கிறது. ஐந்தாண்டுக்கு ஒருமுறை பொதுச் சீராய்வு என்பது முறை. சென்னையில் 1998இல் நடந்தது. மற்ற நகரங்களில் 2008இல் நடந்தது. அதன் பிறகு யாரும் தொடவில்லை. உயர் நீதிமன்றம் வலியுறுத்திய பின் 2018இல் உயர்த்தினார்கள். எதிர்ப்பு கிளம்பியது, உள்ளாட்சித் தேர்தல் பேச்சு வந்தது, 2019 நவம்பரில் அதை நிறுத்திவைத்து, கூடுதலாகக் கட்டியவர்களுக்கு அடுத்த பில்லில் கழித்துக்கொடுப்பதாகச் சொன்னார்கள். அந்த ஆண்டுகளில் நகர்ப்புற மன்றங்களே இல்லை. 2016 அக்டோபரிலிருந்து 2022 பிப்ரவரி வரை தனி அலுவலர்கள்தான் நகரங்களை நடத்தினார்கள். 2022 பிப்ரவரி 19 அன்று வாக்குப்பதிவு. ஏப்ரல் தொடக்கத்தில் உயர்வு அறிவிப்பு. 2011க்கு முந்தைய எல்லைக்குள் இருந்த பழைய சென்னையில், வீடுகளுக்கு 600 சதுர அடிக்குள் 50 சதவீதம், 1,200 வரை 75, 1,800 வரை 100, அதற்கு மேல் 150. வணிகக் கட்டடங்களுக்கும் 150. பிற நகரங்களிலும் சென்னையோடு சேர்ந்த பகுதிகளிலும் இதைவிடக் குறைவு. பதினைந்தாவது நிதி ஆணையம் மானியத்துக்கு வைத்த நிபந்தனைதான் காரணம் என்று அரசு சொன்னது. சொத்து வரிக்குக் குறைந்தபட்ச வீதம் அறிவிக்க வேண்டும், மாநிலப் பொருளாதாரம் வளரும் வேகத்துக்கு வசூலும் வளர வேண்டும் என்பது அந்த நிபந்தனை.

ஒரு சின்னக் கணக்கு. 1998லிருந்து ஆண்டுக்கு 3 சதவீதம் மட்டும் கூடிவந்திருந்தால், 2022இல் வரி தானாக இரு மடங்கு ஆகியிருக்கும். பழைய சென்னையில் 1,500 சதுர அடி வீட்டுக்காரருக்கு ஒரே அறிவிப்பில் வந்து விழுந்த 100 சதவீத உயர்வு, விலைவாசியோடு கூடவே, ஆண்டுக்குச் சில பத்து ரூபாயாக வந்துபோயிருக்கும். நாம் போராடிப் பெற்ற ஒவ்வொரு நிறுத்திவைப்பும் அடுத்த அதிர்ச்சிக்குச் சேமித்த பணம். 2024 செப்டம்பரில் சென்னை மாமன்றம் ஆண்டுக்கு 6 சதவீத உயர்வுக்குத் தீர்மானம் போட்டபோது சங்கங்கள் கொதித்தன. 6 சதவீதம் அதிகம் என்று வாதாடுங்கள். 4 போதும், 3 போதும் என்று விலைவாசிக் குறியீட்டைக் காட்டிப் பேரம் பேசுங்கள். அது நியாயமான சண்டை. ஆண்டு உயர்வே கூடாது என்பது, இருபது ஆண்டுக்கு ஒருமுறை இடி விழட்டும் என்று கேட்பதற்குச் சமம்.

வரியை உறையவைத்தால் வேறொரு அநியாயமும் உள்ளே நுழையும். அமெரிக்காவின் கலிபோர்னியா மக்கள் 1978இல் வாக்கெடுப்பு நடத்தி, 13ஆம் முன்மொழிவு என்ற பெயரில் ஒரு கட்டுப்பாடு கொண்டுவந்தார்கள். வரி, மதிப்பில் 1 சதவீதத்துக்கு மேல் போகக்கூடாது. கணக்கில் வைத்த மதிப்பு ஆண்டுக்கு 2 சதவீதத்துக்கு மேல் ஏறக்கூடாது. வீடு கைமாறினால் புது மதிப்பு. முதியவர்கள் வீட்டை இழக்கக்கூடாது என்பதுதான் சொல்லப்பட்ட நோக்கம். பலர் அப்படிக் காப்பாற்றப்பட்டார்கள் என்பதும் உண்மை. ஆனால் ஒரே தெருவில் ஒரே அளவு வீடுகளில், நாற்பது ஆண்டுக்கு முன் வாங்கியவர் கட்டுவதைப் போலப் பல மடங்கை நேற்று குடிவந்தவர் கட்டுகிறார். அதே கட்டுப்பாட்டின் நிழலில் பெரிய வணிகக் கட்டடங்களும் ஒதுங்கிக்கொண்டன. உள்ளூர் வருவாய் சுருங்கியதும் பள்ளிகளின் பணத்துக்கு மாநிலத் தலைநகரைப் பார்க்க வேண்டிய நிலை வந்தது. உள்ளூர் வரியோடு உள்ளூர் அதிகாரமும் மாநிலத்துக்குப் போய்ச் சேர்ந்தது.

நம் ஊரிலும் இந்த ஏற்றத்தாழ்வு உண்டு. பழைய வீட்டுக்குப் பழைய அளவு, புதிய அடுக்ககத்துக்குப் புதிய அளவு. 2011இல் சென்னை 174 சதுர கிலோமீட்டரிலிருந்து 426 ஆக விரிந்தபோது 42 உள்ளாட்சிகள் உள்ளே வந்தன. நகராட்சி, பேரூராட்சி, ஊராட்சி என்று ஒவ்வொன்றும் தன் வரி வீதத்தோடு வந்தது. இது போதாதென்று ஏட்டில் ஏறாத மாடிகள். தரைத்தளத்துக்கு மட்டும் வரி கட்டிக்கொண்டு மேலே இரண்டு மாடியை வாடகைக்கு விட்டிருக்கும் வீட்டை எந்தத் தெருவிலும் நான் காட்டுவேன். குடியிருப்பு என்று ஏட்டில் இருக்கும், உள்ளே பயிற்சி மையம் நடக்கும். 2016–17 பொருளாதார ஆய்வறிக்கை பெங்களூரையும் ஜெய்ப்பூரையும் செயற்கைக்கோள் படங்கள் கொண்டு ஆராய்ந்து, அந்நகரங்கள் பெறக்கூடிய சொத்து வரியில் 5 முதல் 20 சதவீதம்தான் பெறுகின்றன என்று சொன்னது. ஏட்டுக்கு வராத வீட்டின் பங்கையும் சேர்த்துக் கட்டுவது ஏட்டில் ஒழுங்காக இருப்பவர். பெரும்பாலும் அது நீங்கள்தான்.

ஏட்டைத் திருத்தும் அதிகாரம் இருப்பவர்களே அதைக் கெடுத்தால் என்ன ஆகும் என்பதை மதுரை காட்டியது. அங்கே கட்டடங்களுக்கு முறைகேடாக வரி குறைக்கப்பட்டதாக எழுந்த புகாரில் வழக்குப் பதிவாகி, கைதுகள் நடந்து, 2025 ஜூலையில் மண்டலத் தலைவர்கள் பதவி விலக வேண்டி வந்தது. குற்றம் யாருடையது என்பதை நீதிமன்றம் சொல்லட்டும். நாம் கவனிக்க வேண்டியது வேறு. ஒரு கணினிக் கடவுச்சொல் வரியை ஏற்றவும் இறக்கவும் போதுமென்றால், அந்தக் கணினியில் இருப்பதைத் தெருவும் பார்க்க முடிய வேண்டும். ரத்து கேட்கும் மனுவால் இதைச் சாதிக்க முடியாது.

வரி கட்ட மறுப்பது நம் மரபிலேயே இருக்கிறது என்று வாதிடுவோர் உண்டு. பாதி உண்மை. பதினேழாம் நூற்றாண்டில் சென்னைப்பட்டணத்துக் குடிகள் கிழக்கிந்தியக் கம்பெனியின் வீட்டு வரியை எதிர்த்தார்கள். அதைப் பார்த்த லண்டன் தலைமையில் இருந்த ஜோசையா சைல்ட், வேறு வழி யோசித்தார். வெளியார் அதிகாரம் செய்து கேட்கும் சில்லறையைவிட, தங்களுக்குள் கூடி ஊர் நன்மைக்கென விதித்துக்கொள்ளும் பெருந்தொகையை மக்கள் மனமுவந்து தருவார்கள் என்பது அவர் கணிப்பு. 1687 டிசம்பர் 30 தேதியிட்ட சாசனத்தின்படி 1688 செப்டம்பர் 29 அன்று சென்னை மாநகராட்சி பிறந்ததன் பின்னணி இதுதான். நகர மண்டபமும் சிறையும் பள்ளியும் கட்ட வரி போடும் அதிகாரம் அதற்கு இருந்தது. கம்பெனியின் நோக்கம் தன் செலவைக் குடிகள் தலையில் கட்டுவது, சந்தேகமில்லை. வசூலும் எளிதாக நடக்கவில்லை. உண்மையான அதிகாரம் கோட்டைக்குள்ளேயே இருந்ததைக் குடிகள் அறிந்திருந்தார்கள். ஆனாலும் மனிதர்களைப் பற்றிய அந்த வியாபாரியின் கணக்கு தப்பவில்லை.

தப்பவில்லை என்பதற்கு ஆலந்தூர் சாட்சி. 1990களின் பிற்பகுதியில், சென்னையோடு சேராத தனி நகராட்சியாக இருந்தபோது, அங்கே பாதாளச் சாக்கடை போட முடிவானது. முழுவதையும் அரசு மானியத்துக்கு விடாமல், கடனும் வாங்கி, வீட்டுக்கு 5,000 ரூபாய், வணிகக் கட்டடத்துக்கு 10,000 ரூபாய் என்று முன்கூட்டியே வைப்புத்தொகை கேட்டார்கள். மாதக் கட்டணம் தனி. அந்தக் காலத்தில் 5,000 ரூபாய் நடுத்தரக் குடும்பத்துக்குப் பெரிய பணம். இருந்தும் மக்கள் வரிசையில் வந்து கட்டினார்கள். காரணம், நகராட்சித் தலைமை தெருத்தெருவாகக் கூட்டம் போட்டுத் திட்டத்தை விளக்கியது. நலச்சங்கங்கள் வீடு வீடாகப் போய் எடுத்துச் சொல்லின. பணம் தனிக் கணக்கில் இருந்தது. குழாய் எந்தத் தெருவில் எப்போது வரும் என்று தெரிந்திருந்தது. தனியார் பங்கேற்பில் கட்டிய கழிவுநீர்ச் சுத்திகரிப்பு நிலையத்தோடு அந்தத் திட்டம் நாட்டின் நகர நிர்வாகப் பாடங்களில் இடம்பிடித்தது. அதைச் சாத்தியமாக்கியதில் உங்கள் சங்கங்களைப் போன்ற சங்கங்களுக்குப் பங்கு உண்டு என்பதை மறந்துவிட்டோம்.

நிலையான சொந்த வருவாய் இருக்கும் நகரத்துக்குத்தான் சந்தையில் கடனும் கிடைக்கும். மதுரை மாநகராட்சி 2001லேயே உள்வட்டச் சாலைக்காகப் பத்திரம் வெளியிட்டது. சென்னை மாநகராட்சி 2025இல் 200 கோடி ரூபாய்க்குப் பத்திரம் வெளியிட்டு, தேசியப் பங்குச் சந்தையில் பட்டியலிட்டது. முப்பது ஆண்டு உழைக்கும் கால்வாயை ஒரே ஆண்டு வரியில் கட்ட முடியாது. முதலீட்டாளர் பார்ப்பது வசூல் ஏட்டை.

இனி உங்கள் பக்கத்து நியாயங்களுக்கு வருகிறேன். முதலாவது, ஓய்வூதியத்தில் வாழ்பவர். சம்பாதித்த காலத்தில் நிலம் வாங்கி வீடு கட்டியவர்; அந்தப் பகுதியில் மதிப்பு ஏறியது அவர் குற்றமில்லை; வீட்டின் மதிப்பைத் தின்ன முடியாது, கையில் பணமும் இல்லை. இது உண்மையான கஷ்டம். இதற்கு வழியும் இருக்கிறது. கனடாவின் பிரிட்டிஷ் கொலம்பியா மாகாணத்தில் 55 வயதைக் கடந்தவர்கள் சொந்தக் குடியிருப்பின் வரியைத் தள்ளிவைத்து, வீட்டை விற்கும்போது வட்டியோடு கட்டலாம். நமக்கும் அப்படி ஒரு ஏற்பாடு வேண்டும் என்று கேளுங்கள். தேவைப்படுபவருக்கு மட்டும் உதவும் திட்டம் அது. எல்லாருக்கும் ரத்து என்றால் அதிக லாபம் அதிகச் சதுர அடி வைத்திருப்பவருக்கே.

இரண்டாவது, வரி போகும் இடம் தெரியவில்லை என்பது. இதில் நான் முழுக்க உங்கள் பக்கம். உதாரணத்துக்கு நூலக வரி. 1948ஆம் ஆண்டுப் பொது நூலகச் சட்டத்தின்படி சொத்து வரியோடு ரூபாய்க்குப் பத்துக் காசு சேர்த்து வாங்குகிறார்கள். அது உள்ளாட்சியின் பணம் இல்லை. நூலக ஆணைக்குழுவுக்குப் போய்ச் சேர வேண்டியது. உங்கள் ஊர் உரிய காலத்தில் கொடுத்ததா, உங்கள் பகுதிக் கிளை நூலகத்தின் கூரை ஒழுகுகிறதா என்று எத்தனை சங்கங்கள் கேட்டிருக்கின்றன? மூன்றாவது, ஒன்றிய அரசின் கட்டடங்கள் அரசியல் சட்டத்தின் 285ஆவது பிரிவால் வரி விலக்குப் பெற்றவை. அவற்றிடம் சேவைக் கட்டணம்தான் வாங்க முடியும். அது ஒழுங்காக வருகிறதா என்று கேட்பதும் நம் உரிமை.

உங்களுக்குக் கொஞ்சம் கசக்கக்கூடிய ஒன்றையும் சொல்லிவிடுகிறேன். நம் சங்கங்களில் பல, பெயரில் குடியிருப்போர் சங்கம், நடப்பில் வீட்டு உரிமையாளர் சங்கம். வாடகைக்கு இருப்பவருக்கு வாக்கு இல்லை. ஆனால் வரி உயர்ந்த அடுத்த மாதமே வாடகையில் அதை ஏற்றுகிறோம். தெருமுனைக் குடிசைப் பகுதிக்குக் கழிப்பறை கட்டினால் 'நம் வரிப்பணம்' என்கிறோம். வரி என்பது கட்டியவர் வாசலுக்கே திரும்பி வர வேண்டிய சந்தா அல்ல. குடிசைப் பகுதியில் குப்பை தேங்கினால் வரும் டெங்குக் கொசு, வரி ரசீது பார்த்துக் கடிப்பதில்லை. மாநகராட்சிப் பள்ளியில் உங்கள் பிள்ளை படிக்கவில்லை. உங்கள் வீட்டுக்கு வேலைக்கு வருபவரின் பிள்ளை படிக்கிறது.

என்ன செய்யலாம் என்று கேட்பீர்கள். வருவாய்ப் பிரிவில் 'கேட்பு, வசூல், நிலுவை' என்று ஒரு பட்டியல் உண்டு. இந்த ஆண்டு எவ்வளவு கேட்க வேண்டும், எவ்வளவு வந்தது, எவ்வளவு பாக்கி என்பதை வார்டு வாரியாகச் சொல்வது அது. ஒரு நகராட்சியின் உடல்நிலை முழுவதும் அதில் இருக்கும். அலுவலகத்தில் மேலதிகாரி எங்களை நிற்கவைத்துக் கேட்டதும் அந்தப் பட்டியலைத்தான். இனி நீங்கள் கேளுங்கள். உங்கள் வார்டின் பட்டியலை அரையாண்டுதோறும் அறிவிப்புப் பலகையில் ஒட்டச் சொல்லுங்கள். பெரிய நிலுவைதாரர்களின் பெயரைச் சென்னை மாநகராட்சி வெளியிட்டதுண்டு. எல்லா ஊரும் வெளியிடட்டும். நீங்கள் 30 நாளுக்குள் கட்டி 5 சதவீத ஊக்கத்தொகை வாங்குகிறீர்கள். தாமதமானால் மாதம் 1 சதவீத வட்டி கட்டுகிறீர்கள். நட்சத்திர விடுதிக்கும் வணிக வளாகத்துக்கும் அதே கண்டிப்பு இருக்கிறதா என்பதை அந்தப் பட்டியல் காட்டிக்கொடுக்கும்.

அடுத்து, பகுதி சபை. 2022இல் விதிகள் வந்து, அந்த ஆண்டு நவம்பர் 1 உள்ளாட்சி நாளில் தாம்பரம் மாநகராட்சியின் பம்மலில் முதலமைச்சரே கலந்துகொண்டு நடந்தது. கிராம சபை போல நகரத்துக்கு வந்த முதல் வாய்ப்பு. அதற்குப் பிறகு உங்கள் பகுதியில் எத்தனை முறை கூடியது, அதில் எத்தனை பேர் போனீர்கள்? போன இடத்தில் தெருவிளக்குப் பற்றிப் புகார் கொடுத்துவிட்டுத் திரும்பாதீர்கள். வார்டின் வரவு செலவை வாசிக்கச் சொல்லுங்கள். வார்டில் வசூலான தொகையில் ஒரு பங்கையாவது பகுதி சபை தீர்மானிக்கும் வேலைக்கு ஒதுக்க வேண்டும் என்று தீர்மானம் போடுங்கள். வரி வீதத்தின் கடிவாளத்தைக் கோட்டை கொஞ்சம் தளர்த்தி, மன்றத்தின் கையில் உண்மையான அதிகாரம் தர வேண்டும் என்று கேளுங்கள். அதிகாரம் இல்லாத கவுன்சிலரைத் திட்டி என்ன பயன்?

கடைசியாக, நம் கையில் இருப்பது. சங்கமே முன்நின்று நம் தெருக்களின் சொத்துகளை அளந்து ஏட்டோடு ஒப்பிடலாம். மாடி விடுபட்டிருந்தால் எழுதிக் கொடுப்போம். அளவு கூடுதலாக ஏறியிருந்தால் திருத்தச் சொல்வோம். சிலருக்கு வரி ஏறும், சிலருக்கு இறங்கும். தன் உறுப்பினரின் மறைந்த மாடியை மூடிக்காக்கும் சங்கம் ஆணையர் முன் நின்று கணக்குக் கேட்க முடியாது. கேட்டால் அவர் புன்னகைப்பார்.

அடுத்த அரையாண்டு பில் வரும்போது மனு எழுதும் வேகம் உங்களுக்கு வரும். எழுதுங்கள். உயர்வு விலைவாசியோடு பொருந்த வேண்டும், முதியவருக்குத் தள்ளிவைப்பு வேண்டும், வார்டின் கேட்பு வசூல் நிலுவைப் பட்டியல் வெளியில் வர வேண்டும், பகுதி சபைக்கு ஒதுக்கீடு வேண்டும் என்று நான்கு கோரிக்கைகளை எழுதுங்கள். ரசீதின் நகலை மனுவோடு இணையுங்கள். வரி கட்டிவிட்டுக் கேள்வி கேட்பவரை எந்த அலுவலகமும் எளிதில் திருப்பி அனுப்பாது. பல ஆண்டு அந்த நாற்காலியில் உட்கார்ந்தவன் சொல்கிறேன், நாங்கள் பயந்தது அவர்களுக்கு மட்டும்தான். அப்படியொரு மனுவை எந்தச் சங்கம் தயாரித்தாலும் என் கையெழுத்து அதில் இருக்கும்.

இப்படிக்கு,
உங்களில் ஒருவனான
ஓய்வுபெற்ற நகராட்சி வருவாய் ஆய்வாளன்